காமன் கம்பத்துக்கு ஒரு குழி: கல்பாலத்தில் இரண்டு நாள்

மாசி அமாவாசை கழிந்த மூன்றாம் பிறை ஒரு சனிக்கிழமையில் வந்தது. நான் கல்பாலத்துக்குப் போனதற்கு அது பாதிக் காரணம். மீதிக் காரணம் சுகந்தி. பல்கலைக்கழகத்தில் இரண்டு வருடம் என்னோடு ஒரே அறையில் இருந்தவள், இப்போது கட்டடக் கலைஞர். அவளும் சேர்ந்து வரைந்த திட்டம் அநேகமாக முடிந்துவிட்டது. "கையளிக்கிறதுக்கு முன்னாடி வந்து பாருடி. அப்பறம் திறப்பு விழா, ரிப்பன்னு ஆயிரும்" என்று போனில் சொன்னாள். மூன்றாம் பிறையன்று காமன் கம்பம் ஊன்றுவார்கள், அதையும் பார்க்கலாம் என்றாள். குரலில் ஏதோ குறைந்திருந்தது. நான் கேட்கவில்லை.

கல்பாலம் ஹட்டனுக்கும் தலவாக்கலைக்கும் இடையே, கொட்டகலை தாண்டிப் பிரியும் ஒரு கிளை வீதியில் இருக்கும் சிறிய பஜார். திம்புள்ள பக்கத்துத் தோட்டங்கள் மூன்று திசையிலும் இறங்கி வந்து அங்கே முடிகின்றன. அங்கிருந்த கல் கடை வரிசையையும், மூடிக் கிடந்த தேயிலை ஸ்டோரையும் இடிக்காமல், அவற்றோடு புதிய சந்தையும் தங்குமிடமும் சேர்த்துக் கட்டுவதுதான் திட்டம். (தோட்டத்தில் ஸ்டோர் என்றால் தொழிற்சாலை.) இப்படிப்பட்ட திட்டங்களைப் பற்றி நிறைய வாசித்திருக்கிறேன், சில நகரங்களில் நேரிலும் பார்த்திருக்கிறேன். பெரும்பாலும் பழைய கட்டடத்தின் முகத்தை மட்டும் வைத்துக்கொண்டு உடம்பைத் தூக்கி எறிந்திருப்பார்கள். அங்கே வாழ்ந்தவர்கள் சுவரில் மாட்டிய புகைப்படங்களில் இருப்பார்கள். அதனால் அதிகம் எதிர்பார்க்காமல்தான் கிளம்பினேன்.

கொழும்பிலிருந்து காலை ஐந்தரைக்கு ஹட்டன் பஸ். சாதாரண பஸ்ஸில் என்னிடம் 600 ரூபாய் வாங்கினார்கள். கட்டணம் அடிக்கடி மாறுவதால் நீங்கள் போகும்போது கேட்டுக்கொள்ளுங்கள். தூரம் ஏறத்தாழ 130 கிலோமீட்டர், எனக்கு ஐந்தே கால் மணி நேரம் எடுத்தது. கித்துல்கலை வரை தூங்கலாம். அதன் பிறகு வீதி தூங்க விடாது. கினிகத்தேனையில் பஸ் கால் மணி நேரம் நிற்கும். அங்கே பால் சேர்க்காத பிளேன்டீயும் உளுந்து வடையும் சாப்பிட்டேன். இடது பக்கத்து ஜன்னல் சீட் கிடைத்தால் விடாதீர்கள். எனக்கு வலது பக்கம்தான் கிடைத்தது, வழி முழுக்க மண் வெட்டிய கரையைப் பார்த்துக்கொண்டு போனேன்.

ஹட்டனில் பஸ்ஸை விட்டு இறங்கும்போதே வெயில் நன்றாக ஏறியிருந்தது, ஆனால் நிழலில் நின்றால் குளிர் காலைப் பிடித்தது. கல்பாலத்துக்கு இரண்டு மணி நேரத்துக்கு ஒரு பஸ் உண்டு. அது அப்போதுதான் போயிருந்தது. பதினான்கு கிலோமீட்டருக்கு 1500 ரூபாய் என்று பேசி ஒரு முச்சக்கர வண்டியில் ஏறினேன். ஓட்டுநர் பெயர் யோகராஜ். நாற்பது வயதிருக்கும், நல்ல உயரம், தடித்த கை. கையில் மஞ்சள் துணிக் காப்பு. கண்ணாடியில் பார்த்தபோது இன்னொன்றையும் கவனித்தேன். புருவம் இரண்டும் அழகாக மழித்து வில் மாதிரி ஒதுக்கியிருந்தது.

நான் பார்ப்பதை அவர் பார்த்துவிட்டார்.

"சிரிச்சிருங்க மிஸ். எல்லாருந்தான் சிரிக்கிறாங்க. என் பொஞ்சாதி மூணு நாளா சிரிச்சிக்கிட்டு இருக்கா."

"கூத்தாண்ணே?"

"ரதிங்க. எட்டு வருஷமா நாந்தான் ரதி. இந்த வருஷம் மன்மதன் கட்டுற பையன் என் தோள் வரைக்குந்தான் வர்றான். தூக்கி இடுப்புல வச்சிக்கிட்டுத்தான் ஆடணும் போல."

காமன் கூத்து தெரியாதவர்களுக்கு ஒரு பத்தி. மன்மதனைச் சிவன் எரித்ததும், ரதி அழுததும், அவன் திரும்பி வந்ததும்தான் கதை. மலையகத் தோட்டங்களில் மாசி மூன்றாம் பிறையன்று பேய்க்கரும்பையும் ஆமணக்கையும் வைக்கோல் பிரி சுற்றிக் கட்டி, மன்மதனாக ஓர் இடத்தில் ஊன்றுவார்கள். ஏறத்தாழ பௌர்ணமி வரைக்கும் இரவுகளில் கூத்து. கடைசியில் தகனம். வேடம் கட்டுகிற ஆண்கள் காப்புக் கட்டி, மச்சம் மாமிசம் விட்டு, விரதம் இருப்பார்கள். கம்பம் ஊன்றும் இடத்துக்குக் காமன் பொட்டல் என்று பெயர். கல்பாலத்தின் காமன் பொட்டல் தோட்டத்துக்குள் இல்லை. பஜாரின் நடுவிலேயே, கடை வரிசைக்கும் ஸ்டோருக்கும் நடுவில், பஸ்கள் திரும்புகிற மண் வெளியில் இருந்தது. மூன்று தோட்டத்து ஆட்களும் அங்கேதான் சேர்வார்கள்.

"அந்தப் பொட்டலத்தான் இப்ப கல்லுப் பதிச்சு பளபளன்னு ஆக்கி வச்சிருக்காங்க" என்றார் யோகராஜ். "நல்லாத்தான் இருக்கு. மழைக்கு சேறு இல்ல. ஆனா மன்மதன ஊண்டுறதுக்கு ஒரு இஞ்சினியர் மிஸ்ஸு இரும்புக் கொழா பதிச்சுக் குடுத்திருக்கு. கொடிக்கம்பம் நடுற மாதிரி. மூடி வேற போட்டு."

"அந்த இஞ்சினியர் மிஸ்ஸைத்தான் பார்க்கப் போறேன்" என்றேன்.

யோகராஜ் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு ஒரு வளைவைத் திருப்பினார்.

"நல்ல பிள்ளைங்க அது" என்றார் பிறகு. "எங்க மேல் லயத்துப் பிள்ளதான். கெட்டதா ஒண்ணும் சொல்லலியே நானு?"

"இல்லண்ணே."

"சொல்லியிருந்தாலும் சொல்லிறாதீங்க."

பன்னிரண்டு மணிக்குக் கொஞ்சம் முன்னால் கல்பாலம். ஊருக்குப் பெயர் கொடுத்த கல் பாலத்தைத் தாண்டியதும் வீதி இடது பக்கம் திரும்ப, முழுத் திட்டமும் ஒரே பார்வையில் தெரியும். நீங்கள் போனால் அந்தத் திருப்பத்தில் வண்டியை நிறுத்தச் சொல்லுங்கள். கீழே கருங்கல் சுவரும் தகரக் கூரையுமாகப் பதினோரு கடைகளின் வரிசை. எதிரில் நான்கு மாடித் தேயிலை ஸ்டோர், உடம்பு முழுக்க வெள்ளித் தகரம், நீள நீளமாக ஜன்னல் வரிசைகள். இரண்டுக்கும் பின்னால், சரிவில் ஏறி நிற்கிற புதிய கட்டடம். அது பழசு மாதிரி நடிக்கவில்லை. சாம்பல் நிறப் பூச்சு, பெரிய கண்ணாடி. ஆனால் கூரையின் சரிவு மட்டும் ஸ்டோரின் கூரைச் சரிவுதான். ஒரே வீட்டுப் பிள்ளைகளுக்கு மூக்கு ஒன்றாக இருப்பது போல.

சுகந்தி பொட்டலின் நடுவில், இடுப்பில் கை வைத்துக்கொண்டு, தரையைப் பார்த்தபடி நின்றாள். அவள் காலடியில் ஒரு வட்ட இரும்பு மூடி.

"வந்துட்டியா? சாப்பிட்டியா? வா, முதல்ல நல்லதெல்லாம் காட்டுறேன்" என்றாள்.

நல்லது உண்மையிலேயே நிறைய இருந்தது. திறப்பு விழாவுக்கு முன்பே பெரும்பகுதி புழக்கத்துக்கு வந்துவிட்டது. ஸ்டோரின் கீழ்த்தளத்தில் இப்போது வாசிகசாலை. கொழுந்து அரைக்கிற பெரிய ரோலர் ஒன்றை அப்படியே நடுவில் விட்டிருக்கிறார்கள். நான் போனபோது இரண்டு சிறுமிகள் அதன் தட்டில் சம்மணம் போட்டு உட்கார்ந்து ஒரே புத்தகத்தை வாசித்துக்கொண்டிருந்தார்கள். கொழுந்து வாட்டும் மேல் மாடிகளில் தையல், கணினி வகுப்புகள் தொடங்கப் போகிறார்களாம். மரத் தளம் நடக்க நடக்கப் பேசுகிறது. எத்தனை முறை கழுவியும் தேயிலை வாசம் போகவில்லை, போகட்டும் என்று யாரும் நினைத்ததாகவும் தெரியவில்லை. அந்த ஸ்டோரில் வேலை செய்தவர்களின் பிள்ளைகள் இப்போது முன் வாசலால் நுழைகிறார்கள். முன்பு அந்த வாசல் துரைமாருக்கு மட்டும் என்று சுகந்தி சொன்னாள்.

கடை வரிசையில் பழைய பலகைக் கதவுகளைக் கழற்றிச் சுத்தம் செய்து, ஒவ்வொரு பலகையிலும் இருந்த இலக்கத்தையும் அழிக்காமல் திரும்பப் போட்டிருக்கிறார்கள். முன்பு இருந்த கடைக்காரர்கள் எல்லோரும் திரும்பி வந்துவிட்டார்கள். எனக்கு இதுதான் பெரிய விஷயமாகப் பட்டது. முதல் கடை ஹில்மி நானாவின் தேநீர்க் கடை. (இங்கே முஸ்லிம் பெரியவர்களை, அண்ணன் என்பது போல, நானா என்பார்கள்.) நானா வெள்ளைத் தொப்பியும் கம்பளி ஸ்வெட்டருமாக, யாரோடு பேசினாலும் இஞ்சி தட்டுவதை நிறுத்தாத மனிதர்.

"மகள் கொழும்பா? அப்ப டீயில சீனி குறைக்கச் சொல்வீங்க" என்றார்.

"இல்ல நானா, போடுங்க."

"அப்ப கொழும்பு இல்ல."

"கண்டி."

"அதானே பாத்தேன்."

சரியில்லாதவற்றையும் சொல்லிவிடுகிறேன். பொட்டலைச் சுற்றிப் போட்ட கல் பெஞ்சுகளுக்குச் சாய்மானம் இல்லை, காலையில் அவற்றில் உட்கார்ந்தால் ஐஸ் கட்டி. கழிப்பறை அருமையாக இருக்கிறது, ஆனால் சாவி காவல்காரரிடம், காவல்காரர் எங்கேயோ. மரக்கறிக் கடைகளுக்குப் புதிய கட்டடத்தின் மாடியில் இடம் ஒதுக்கியிருக்கிறார்கள். கோவாவும் (முட்டைக்கோஸ்) லீக்ஸும் வாங்க யாரும் மாடி ஏறவில்லை. விற்கிற பெண்கள் எல்லோரும் படிக்கட்டின் கீழே வந்து சாக்கு விரித்துவிட்டார்கள். "அது என்னோட தப்பில்ல" என்றாள் சுகந்தி. "நான் கீழதான் வரைஞ்சேன். மாத்திட்டாங்க. இப்ப அவங்களாவே என் வரைபடத்துக்கு வந்துட்டாங்க."

"அப்ப எதுடி உன்னோட தப்பு?"

பெஞ்சில் உட்கார்ந்து அவள் சொன்னதைச் சுருக்கிச் சொல்கிறேன். இரண்டு வருடத்துக்கு முன் இந்த வேலை தொடங்கியபோது, பொட்டலைத் தொடக் கூடாது என்று மூன்று தோட்டத்து ஆட்களும் வந்து நின்றார்கள். அவர்கள் முன்னால் பேச அனுப்பப்பட்டவள் சுகந்தி. அவள் பிறந்தது அதே சரிவின் மேலே இருக்கிற லயத்தில், தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளில். அப்பாவும் அம்மாவும் இன்றும் அங்கேதான். "பொட்டல் ஒங்களோடதாத்தான் இருக்கும். கம்பம் எங்க நிக்குமோ அங்கதான் நிக்கும். நான் பொறுப்பு" என்று அவள் சொன்னாள். அவளை நம்பித்தான் கலைந்து போனார்கள்.

சொன்ன சொல்லை மறக்கவும் இல்லை. வரைபடத்தில் சரியான இடத்தில் வட்டம் போட்டாள். சின்ன வயதில் ஒவ்வொரு வருடமும் பஸ் டயர் அழுத்திய கெட்டித் தரையை ஆண்கள் மணிக்கணக்காகத் தோண்டியதையும், கூத்து முடிந்தபின் அரைகுறையாக மூடிய குழியில் யாராவது கால் இடறியதையும் பார்த்தவள். இனி யாரும் தோண்ட வேண்டாம், யாரும் விழ வேண்டாம் என்று, ஓர் அடி அகலத்தில் இரண்டரை அடி ஆழத்துக்கு இரும்புக் குழாய் பதித்து, மேலே மூடி போட்டாள். கூட்டத்தில் வரைபடத்தைக் காட்டியபோது எல்லோரும் தலையாட்டினார்கள். ஒருவர் கைகூடத் தட்டினார். தாளில் அது ஒரு வட்டம், பக்கத்தில் 'கம்பம்' என்று எழுதியிருந்தது. அவ்வளவுதான் தெரியும்.

"போன வாரந்தான் மூடியத் தொறந்து பாத்தாங்க. அப்பத்தான் பிரச்சினை."

பிரச்சினை என்னவென்று பகல் சாப்பாட்டுக்குப் பிறகு நானா கடையில் யோகராஜே விளக்கினார். கூத்துக் குழுவுக்கு அவர்தான் பேச்சாளர்.

"பச்ச ஆமணக்குங்க. தகனம் வரைக்கும் வாடாம நிக்கணும். இரும்புக்குள்ள எறக்குனா ரெண்டு நாள்ல சருகாயிரும். ஊண்டுறப்ப அடியில பால் ஊத்துவோம். மண்ணுன்னா குடிச்சிக்கும். கொழாயில ஊத்துனா நாலாம் நாள் நானா கடையில எவனும் டீ குடிக்க முடியாது."

"என்னைய ஏன்டா இழுக்குற?" என்றார் நானா, இஞ்சியைத் தட்டியபடி.

"அதனால மேல பெரட்டுக்களத்துல ஊண்டிக்கிறோம்னு பேசியிருக்கோம். இந்த வருஷம் மட்டும்." பெரட்டுக்களம் என்றால் காலையில் தொழிலாளர்களுக்கு வேலை பிரித்துக் கொடுக்கிற இடம், மேல் தோட்டத்தில் இருக்கிறது.

சுகந்தி கிளாஸை மேசையில் வைத்தாள். "இந்த வருஷம் மட்டுமா அண்ணே? இந்த வருஷம் மேல போனா அடுத்த வருஷம் எறங்கி வருவீங்களா? மத்த ரெண்டு தோட்டத்து ஆளுங்க அங்க ஏறி வருவாங்களா?"

யோகராஜ் கையிலிருந்த காப்பைத் திருகினார்.

"கூத்து இல்லைன்னா இங்க காருதான் நிக்கும். ஒரு தடவ நிக்க ஆரம்பிச்சா அப்பறம் அது பார்க்கிங்தான். நான்தான் பொறுப்புன்னு ஒங்க முன்னாடி நின்னு சொன்னேன்."

"ஒன்னைய யாரும்மா குத்தம் சொன்னா?"

"சொல்லாம போறீங்களே. அதுதான்."

கல்லைப் பெயர்த்துப் பக்கத்தில் குழி தோண்டலாமே என்று நான் கேட்டேன். அதையும் அவள் யோசித்திருந்தாள். கையளிக்கும் வரை ஒரு கல்லைக்கூடத் தொடக் கூடாது என்று நுவரெலியாவில் இருக்கும் மேலதிகாரி சொல்லிவிட்டாராம். கல்லுக்குக் கீழே மழைநீர்க் குழாய், மின்சார வயர் எல்லாம் ஓடுகிறது, அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. கையளிப்பு பௌர்ணமிக்குப் பிறகு. பிறையோ அன்று மாலை.

ஸ்டோர் தகரத்தில் வெயில் திரும்பி, கடைக்குள் ஒரு வெளிச்சப் பட்டை விழுந்தது. சுகந்தி அதைப் பார்த்துக்கொண்டிருந்தவள், திடீரென்று எழுந்தாள்.

"நானா, ஒரு வாளி தண்ணி குடுங்க."

"குடிக்கயா, கழுவயா?"

"ஊத்த."

நாங்கள் மூவரும் அவள் பின்னால் பொட்டலுக்குப் போனோம். வேலைத்தளப் பொறுப்பாளர் சமன் அங்கே பெஞ்சில் உட்கார்ந்து ரொட்டி சாப்பிட்டுக்கொண்டிருந்தார். வலப்பனைக்காரர், சிங்களவர். இரண்டு வருடம் இங்கே வேலை செய்ததில் அவருடைய தமிழ் நன்றாக வந்திருந்தது, அவருடைய ஆட்களின் சிங்களமும் கூட. சுகந்தி மூடியைத் திறந்து வாளித் தண்ணீரைக் குழாய்க்குள் ஊற்றினாள். ஐந்து பேரும் குனிந்து பார்த்தோம். தண்ணீர் அசைந்தது, அடங்கியது. பிறகு அசையவே இல்லை. அதில் ஒரு வட்ட வானமும், அதைச் சுற்றி எங்கள் தலைகளும் தெரிந்தன.

"சமன் மாத்தயா, நான் வரைஞ்சதுல அடி தொறந்திருந்திச்சே. தண்ணி எறங்குறதுக்கு."

"நாங்க அடைச்சது மிஸ்" என்றார் சமன், கொஞ்சம் பெருமையாக. "ரெண்டு அங்குலம் கொங்ரீட். கீழ இருந்து எலி வரும். நல்லா அடைச்சது. ஒரு சொட்டு போகாது."

"ஒரு சொட்டு போகாதா?"

"போகாது."

"அப்ப மழை பெஞ்சா இந்தத் தண்ணி இப்படியே நிக்கும்."

"நிக்கும்" என்றவர், பாதி ரொட்டியோடு நிறுத்தினார். இலங்கையில் இருப்பவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்கு: இங்கே தண்ணீர் தேங்கி நிற்கிற சிரட்டை ஒன்றைக் கண்டால்கூட சுகாதாரப் பரிசோதகர் விட மாட்டார். டெங்கு நுளம்பு (கொசு) அதில்தான் பெருகும்.

"மூடி இருக்குதானே" என்றார் சமன்.

"மூடியில ரெண்டு ஓட்டை இருக்கு. தூக்குறதுக்கு."

சமன் மூடியைப் பார்த்தார், சுகந்தியைப் பார்த்தார், கடைசியாக யோகராஜின் புருவத்தைப் பார்த்தார். பிறகு சிரித்துவிட்டார்.

"மிஸ், கல்லு தூக்க எனக்கு அனுமதி இல்ல. ஆனா தண்ணி நிக்கிறது வேலையில குறை. குறை திருத்தறதுக்கு யாரையும் கேக்கத் தேவையில்ல. அது என்னோட வேலை."

"அதத்தான் நான் சொல்ல வந்தேன்."

"தெரியுது. ஒரு வாளி ஊத்தும்போதே தெரியுது."

அலவாங்கு, அதாவது கடப்பாரை, வந்தது. இரண்டு பேர் மாறி மாறிக் குத்தினார்கள். கொங்கிரீட் சமன் சொன்னது போலவே நன்றாகத்தான் போடப்பட்டிருந்தது. அரை மணி நேரத்துக்கு மேல் தாக்குப் பிடித்தது. ஒவ்வொரு குத்துக்கும் சேற்றுத் தண்ணீர் மேலே தெறிக்க, விரதத்துக்காகப் புது வேட்டி கட்டியிருந்த யோகராஜ் ஒவ்வொரு அடியாகப் பின்வாங்கினார். "ரதி, கிட்ட வாங்க. வெக்கப்படாதீங்க" என்று யாரோ கூப்பிட்டார்கள். அதற்குள் படிக்கட்டின் கீழிருந்து மரக்கறிப் பெண்களும் எழுந்து வந்திருந்தார்கள். பிறகு ஒரு குத்தில் சத்தம் மாறியது. தண்ணீர் ஒரு சுற்றுச் சுற்றி, ஒரு மடக்குச் சத்தத்தோடு, கீழே இறங்கிப் போய்விட்டது. குழாயின் வாயிலிருந்து ஈர மண் வாசம் வந்தது.

யோகராஜ் முழங்கால் போட்டு, கையைத் தோள் வரை உள்ளே விட்டுத் தடவிப் பார்த்தார். கையை எடுத்தபோது விரல் நுனியெல்லாம் செம்மண்.

"மண்ணுதான்" என்றார். "ஆனா அடியில மட்டும் இருந்தாப் பத்தாது. மேல வரைக்கும் நெறையணும்."

"எந்த மண்ணு போடணும்?" என்றாள் சுகந்தி. "நீங்களே சொல்லுங்க. இந்தத் தடவ என் இஷ்டத்துக்கு ஒண்ணும் வரைய மாட்டேன்."

"பொட்டல் மண்ணுதான் போடணும். அதத்தான் அள்ளிட்டாங்களே."

சுகந்தியும் சமனும் ஒரே நேரத்தில் ஸ்டோரின் பின்பக்கம் பார்த்தார்கள். கல் பதிப்பதற்காக வெட்டி எடுத்த மண்ணை அவர்கள் எங்கேயும் கொண்டுபோய்க் கொட்டவில்லை. பூப்பாத்தி போடுவதற்காக அங்கே குவித்து வைத்திருந்தார்கள். அதன் மேல் பாதி டேலியா நட்டாகிவிட்டது. மீதிப் பாதி அப்படியே இருந்தது, பஸ் டயர் அழுத்திய கட்டிகளோடு, சோடா மூடிகளோடு, எப்போதோ எரிந்த கரியின் கறுப்புத் துணுக்குகளோடு. அந்தக் கரித் துணுக்குகளைக் கண்டதும் யோகராஜ் வேறு எதுவும் கேட்கவில்லை. மரக்கறிப் பெண்கள் தங்கள் கூடைகளைக் காலி செய்து கொடுத்தார்கள். ஒரு கூடையில் மண்ணோடு இரண்டு லீக்ஸும் போனதை நான் பார்த்தேன்.

ஐந்தரைக்கு மூன்று தோட்டங்களிலிருந்தும் ஆட்கள் இறங்கி வரத் தொடங்கினார்கள். தப்பு மேளம் முதலில் மேலே எங்கேயோ கேட்டது, பிறகு பாலத்துப் பக்கம், பிறகு ஸ்டோர் சுவரில் மோதித் திரும்பியது. தகரச் சுவர் அந்தச் சத்தத்தை இரண்டு மடங்காக்கித் தருகிறது. எந்தக் கட்டடக் கலைஞரும் திட்டமிடாத நல்லது இது. ஆறேகாலுக்கு வெயில் போனது. எல்லோரும் மேற்கே மலை விளிம்பைப் பார்த்து நின்றோம். முதலில் கண்டது ஹில்மி நானா. "அந்தா" என்று இஞ்சிக் கல்லோடு கையை நீட்டினார். நகத் துண்டு மாதிரி பிறை.

பால் ஊற்றினார்கள். மண் குடித்துக்கொண்டது. பேய்க்கரும்பும் ஆமணக்கும் வைக்கோல் பிரியுமாக மன்மதன் இறங்கினான். குழிக்குள் மண்ணைப் போட்டு மிதித்தார்கள். புது மண் இல்லையென்றாலும் கிளறிய மண், அவ்வளவு இறுகவில்லை. கம்பம் லேசாக ஒரு பக்கம் சாய்ந்தது, நானா கடைப் பக்கம்.

"பாருங்க, வந்ததும் வராததுமா டீ கேக்குறாரு" என்றார் யோகராஜ்.

"கடனுக்கு இல்லன்னு சொல்லு" என்றார் நானா. சொல்லிவிட்டு உள்ளே போய், உடைந்த செங்கல் துண்டு நான்கைக் கொண்டுவந்து, தானே குனிந்து ஓரத்தில் அடைத்தார். கம்பம் ஏறத்தாழ நிமிர்ந்தது. முழுவதும் இல்லை.

சுகந்தி கூட்டத்தின் ஓரத்தில், ஸ்டோர் படியில் நின்றாள். அவளுடைய அம்மா எங்கிருந்தோ வந்து அவள் தோளில் ஒரு சால்வையைப் போட்டுவிட்டு, தப்புக்காரர்கள் பக்கம் போனார். "தகனத்தன்னிக்கு கல்லெல்லாம் கருத்துப் போகுமேடி" என்றேன். மொத்தப் பொட்டலுக்கும் வெளிர் சாம்பல் கல், வட்ட வட்டமாக, மிக அழகாகப் பதித்தது.

"கருக்கட்டும்" என்றாள். "துடைக்க வேணாம்னு சமன்கிட்ட சொல்லிட்டேன்."

பழையதையும் புதியதையும் சேர்ப்பது என்றால் ஒரு சுவரை இன்னொரு சுவரோடு எப்படி ஒட்டுவது என்பதுதான் கேள்வி என்று இதுவரை நினைத்திருந்தேன். நான் வாசித்தவையும் அதைத்தான் பேசின. கல்பாலத்தில் சுவர்கள் நன்றாகவே ஒட்டியிருக்கின்றன. ஆனால் அன்று மாலை அவற்றைச் சேர்த்து வைத்தது கீழே இரண்டு அங்குலக் கொங்கிரீட்டில் உடைத்த ஓர் ஓட்டை. குழாயை வரைந்தவள் சுகந்தி, அதன் அடியை அடைத்தவர் சமன், திறந்தவர்களும் அவர்களேதான். கட்டி முடித்தபின்பும் திருத்திக்கொள்ளக்கூடிய கட்டடம், திருத்திக்கொள்ளத் தயாரான ஆட்கள். இரண்டும் ஒரே ஊரில் கிடைப்பது சாதாரணமில்லை. அன்றிரவு புதிய கட்டடத்துத் தங்குமிடத்தில் தப்புச் சத்தத்தோடு படுத்தேன். எப்போது தூங்கினேன் என்று தெரியாது. நன்றாகத் தூங்கினேன்.

போக நினைப்பவர்களுக்குச் சில குறிப்புகள். தங்குமிடத்தில் இருவர் அறை 3500 ரூபாய், சுடுநீர் உண்டு, ஆனால் காலை ஆறு மணிக்கு முன் வராது. ஸ்டோர் பக்கத்து ஜன்னல் உள்ள அறையைக் கேளுங்கள், விடியும்போது தகரம் முழுக்க ரோஜா நிறமாகும். மாசியில் பகல் வெயில் கடுமை, மாலை ஐந்துக்கு மேல் கம்பளி இல்லாமல் முடியாது. நானா கடையில் ரொட்டியும் காரமான கட்டச் சம்பலும் காலை ஆறரைக்கே தயார், ஒன்பதுக்குள் தீர்ந்துவிடும். மரக்கறி வாங்க மாடிக்குப் போகாதீர்கள், படிக்கட்டின் கீழே பாருங்கள். கூத்து ஆடுபவர்களைப் படம் எடுப்பதற்கு முன் கேளுங்கள். யோகராஜ் மறுக்க மாட்டார், ஆனால் புருவம் நன்றாக விழுந்திருக்கிறதா என்று காட்டச் சொல்வார்.

திரும்பும்போது ஹட்டனுக்கு நேர் பஸ் காலை ஏழு மணிக்கும் ஒன்பதே காலுக்கும். நான் ஒன்பதே கால் பஸ்ஸில் கிளம்பினேன். வழக்கமாக அது பொட்டலுக்குள் வந்து திரும்பும். தரையில் அதற்கென்று வெள்ளை அம்புக்குறியும் நேராகப் போட்டிருக்கிறார்கள். அந்த அம்பு போய் முட்டுகிற இடத்தில்தான் மன்மதன், கொஞ்சம் சாய்ந்து, பச்சை ஆமணக்கிலையோடு நின்றுகொண்டிருந்தான். அதனால் பஸ் உள்ளே வரவில்லை. எங்கேயும் அறிவிப்பு ஒட்டியிருக்கவில்லை, ஆனால் சாரதி பாலத்திலேயே நிறுத்தி ஹோன் அடித்தார், பைகளோடு எல்லோரும் நடந்து போனார்கள். மாசி மூன்றாம் பிறையிலிருந்து தகனம் வரைக்கும் நீங்கள் போவதாக இருந்தால், காரில் போனாலும் பஸ்ஸில் போனாலும், பாலத்தில் இறங்கி நடந்துவிடுங்கள். இரண்டு நிமிடம்தான்.